மலையகத்தின் குப்பைக்கு யார் பொறுப்பு?

இலங்கைச் சட்டத்தில் குப்பைக்கும் ஓர் உரிமையாளர் உண்டு. வீதியிலும் வீடுகளிலும் சேர்ந்த கழிவை உள்ளூராட்சிச் சபை அள்ளிவிட்டால் அது சபையின் சொத்து. அதை விற்கலாம், உரமாக்கலாம், வேறு வழியில் தீர்க்கலாம். தன்னுடையதல்ல என்று மட்டும் சபை கைகழுவ முடியாது. மாநகர சபைகள் கட்டளைச் சட்டத்தின் 130ஆம் பிரிவு, நகர சபைகள் கட்டளைச் சட்டத்தின் 119ஆம் பிரிவு, 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டத்தின் 94ஆம் பிரிவு ஆகிய மூன்றும் ஏறக்குறைய ஒரே வாசகத்தில் இதைச் சொல்கின்றன. இவை ஒவ்வொன்றுக்கும் முந்திய பிரிவு, குப்பையை உரிய காலத்தில் அகற்றுவது சபையின் கடமை என்கிறது. பிந்திய பிரிவின்படி, அதைத் தீர்ப்பதற்கு ஏற்ற இடத்தைச் சபையே ஒழுங்கு செய்ய வேண்டும். அது பொதுத் தொல்லையாகாதபடி பார்த்துக்கொள்வதும் சபையின் பொறுப்பு.

சட்டம் இல்லாத குறை மலையகத்துக்கு இல்லை. நுவரெலியா மாவட்டத்தில் 2012 குடிசன மதிப்பீட்டின்படி சுமார் 7 இலட்சத்து 11 ஆயிரம் பேர் வாழ்ந்தார்கள். அவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் தோட்டத் துறையினர். அந்தப் பாதிக்கு இந்தப் பிரிவுகள் இரண்டு விதத்தில் பொய்த்துப்போயின. குப்பை அள்ளும் டிரக்டர் லயத்துப் பக்கம் வரவில்லை. ஆனால் நகரத்தில் அள்ளிய குப்பையைக் கொட்ட இடம் தேடும்போதெல்லாம் சபைகளின் கண் தோட்டத்துக் காணியின் மேல்தான் விழுந்தது. சேவைக்கு எல்லைக்கு வெளியே, சுமைக்கு எல்லைக்கு உள்ளே. இந்த நிலை எப்படி உண்டாயிற்று என்பதைத் தெரிந்துகொள்ளாமல் மலையகத்தில் சபைகளைச் சட்டத்தின் முன் நிறுத்துவது பற்றிப் பேச முடியாது.

1912ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச் சட்டம், தோட்டத்தையும் அதன் லயங்களையும் ஓரளவேனும் சுகாதாரமாக வைத்திருக்கும் கடமையைத் தோட்டத்துரையிடம் ஒப்படைத்தது. கொக்கிப்புழுவும் வயிற்றோட்டமும் தொழிலாளரை வாரிக்கொண்டுபோன காலம் அது. அந்த வகையில் இந்தச் சட்டம் ஒரு பாதுகாப்பாகவே வந்தது. அதனோடு சேர்ந்து இன்னொன்றும் நிலைபெற்றது. லயத்துக் கானும் குப்பையும் துரையின் காரியம், பொதுச் சபையின் காரியமல்ல என்ற எண்ணம் அன்றே ஊன்றிவிட்டது. 1930களின் பிற்பகுதியில் கிராமச் சபைத் தேர்தல்களில் தோட்டத் தொழிலாளருக்கு வாக்கு மறுக்கப்பட்டது. இந்திய அரசு ஆட்சேபித்தும் அது மாறவில்லை. 1948இன் குடியுரிமைச் சட்டம் மிச்சமிருந்ததையும் பறித்தது. வாக்கில்லாதவரின் வாசலுக்குச் சபையின் வண்டி எதற்காக வரப்போகிறது?

பிரதேச சபைகள் 1987இல் சட்டமாகி வந்தபோது, 33ஆம் பிரிவு குறுக்கே நின்றது. தோட்டத்துக்குள் சபைப் பணத்தைச் செலவிட முடியாது என்றே அதற்குப் பொருள் கொள்ளப்பட்டது. நாடற்றோர் பிரச்சினை 1988, 2003 ஆண்டுகளின் சட்டங்களால் தீர்ந்து, தோட்டத்து மக்கள் முழு வாக்காளராகிய பின்னும் இது நீடித்தது. தோட்டத்து வாக்குகளால் தவிசாளரான ஒருவர், அதே தோட்டத்துப் பாதைக்கு ஒரு லோட் கல் போட முடியாமல் இருந்த காலம் அது. பிரதேச சபைகள் திருத்தச் சட்டம் 2018இல்தான், 30ஆம் இலக்கச் சட்டமாக நிறைவேறியது. தோட்டங்களில் வாழ்வோருக்கும் சேவை வழங்கச் சபைகளுக்கு வழி திறந்தது. அதே காலத்தில், ஒவ்வொன்றும் 2 இலட்சத்துக்கு மேற்பட்ட மக்களைச் சுமந்துகொண்டிருந்த நுவரெலியா, அம்பகமுவ பிரதேச சபைகள் பிரிக்கப்பட்டு, கொட்டகலை, அக்கரப்பத்தனை, நோர்வூட், மஸ்கெலியா என்ற புதிய நான்கு சபைகள் உருவாயின. பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பின் கிடைத்த வெற்றி இது. அதைக் குறைத்து மதிப்பிட எனக்கு மனமில்லை.

ஆனால் சேவை செய்யலாம் என்று அதிகாரம் பெறுவது ஒன்று. செய்தே தீரவேண்டும் என்று கட்டுண்டிருப்பது வேறு. குப்பை அகற்றும் கடமையைச் சொல்லும் இடங்களில் சட்டம் ‘நியாயமாக இயன்ற அளவுக்கு’ என்ற பொருளில் ஒரு தொடரைச் சேர்த்திருக்கிறது. சபைகள் தப்பிப்போகும் வாசல் அதுதான். பாதை சரியில்லை, அது தோட்ட நிர்வாகத்துக்குச் சொந்தமான தனியார் பாதை, டிரக்டர் ஒன்றுதான் இருக்கிறது, ஆள் போதாது, தோட்டத்திலிருந்து வரிவருமானம் இல்லை என்று ஒவ்வொரு காரணமும் அந்தத் தொடருக்குள் நுழைந்துகொள்ளும். தோட்ட நிர்வாகமோ, லயத்தில் இருப்போரில் பலர் இன்று தோட்டத்தில் வேலைசெய்வதில்லை, சபைக்கு இப்போது அதிகாரம் இருக்கிறது, சபையே பார்க்கட்டும் என்கிறது. இடையில் அகப்பட்டுக்கொண்ட குடும்பம் குப்பையை எங்கே போடும்? லயத்துக்குப் பின்னாலுள்ள பள்ளத்தில், கானில், ஆற்றோரத்தில். பிறகு, தோட்டத்து மக்களுக்குச் சுத்தம் தெரியவில்லை என்று நகரத்து மேடைகளில் பேச்சு நடக்கும். நூறாண்டுக்கு மேலாகக் குப்பைத் தொட்டி ஒன்றுகூட வைக்கப்படாத இடத்தில் நின்று கொண்டு பழக்கத்தைப் பற்றிப் பேசுவது நியாயமில்லை.

மலையின் அமைப்பையும் பார்க்க வேண்டும். சமவெளியில் குப்பை கிடந்த இடத்திலேயே நாறும். மலையில் அது இறங்கும். ஹட்டன் நகரம் இரண்டு பெரும் ஆறுகளின் நீர்பிரி மேட்டில் இருக்கிறது. ஒருபுறத்து மழை ஹட்டன் ஓயா வழியே மகாவலிக்குப் போகிறது, டிக்கோயாப் பக்கத்து மழை காசல்ரீ நீர்த்தேக்கத்தில் சேர்ந்து, கெஹெல்கமு ஓயா வழியே களனிக்குப் போகிறது. கொழும்பு குடிக்கும் தண்ணீரின் பெரும்பகுதி களனியிலிருந்து அம்பத்தலையில் எடுக்கப்படுவது. நுவரெலியாவின் நானு ஓயா கொத்மலை ஓயாவில் சேர்ந்து மகாவலிக்குப் போகிறது. அதற்கும் முன்னால், நகரத்துக்குக் கீழேயுள்ள டிவிஷன்கள் சுத்திகரிக்காத ஊற்று நீரையும் ஓடை நீரையும் குழாய் போட்டுக் குடிக்கின்றன. குப்பை மேட்டிலிருந்து ஊறும் கசிநீர் முதலில் போய்ச் சேரும் இடம் அந்தக் குழாய்தான். மேட்டில் நாய்கள் கூடும். நாயைத் தேடிச் சிறுத்தை வரும். அதிகாலையில் கொழுந்து பறிக்கப் போகும் பெண்களுக்கு இது கதையல்ல.

நுவரெலியா மாநகர சபைக்கு மூன் பிளேன்ஸில் ஒரு நிலநிரப்பு உண்டு. 2000களின் தொடக்கத்தில் ஜெய்க்கா என்ற ஜப்பானிய உதவி நிறுவனத்தின் ஆதரவில், முறையான வடிவமைப்புடன் அது ஒழுங்கு செய்யப்பட்டது. மலை நகரமொன்றில் கண்டபடி கொட்டாமல் திட்டமிட்டுக் கொட்ட முடியும் என்பதற்கு அது சான்று. ஆனால் நிலநிரப்பு கட்டி முடித்துவிட்டுப் போகும் கட்டடமல்ல. ஒவ்வொரு நாளும் மண் போட்டு மூட வேண்டும், கசிநீரை வடித்துச் சுத்திகரிக்க வேண்டும், மழைநீரை உள்ளே வரவிடாமல் திருப்ப வேண்டும். ஏப்ரல் வசந்த காலத்தில் வெளியூர்க் கூட்டம் நகரை நிறைக்கும்போது கழிவு பெருகும். மரக்கறிச் சந்தைக் கழிவு ஆண்டு முழுவதும் வரும். இலங்கை நகரக் கழிவில் பாதிக்கு மேல் மக்கக்கூடியது. அதைப் பிரித்து உரமாக்கினால் மேட்டின் பாரம் பாதியாகக் குறையும். ஏறத்தாழ 1,900 மீற்றர் உயரத்தில், குளிரிலும் மழையிலும், கழிவு மக்குவதற்குச் சமவெளியைவிட அதிக நாள் எடுக்கும் என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும். கொழும்பில் தீட்டிய திட்டத்தை அப்படியே மலைக்கு ஏற்றினால் பாதி வழியில் நின்றுவிடும்.

ஹட்டன்–டிக்கோயா நகர சபையின் கதை இன்னும் கடினமானது. கொட்ட இடமில்லாமல் குப்பை நகரத்துக்குள்ளேயே தேங்கிக் கிடந்த காலங்களும், கொட்டப்போன இடத்தில் மக்கள் வண்டியை மறித்து நின்ற காலங்களும் மாறிமாறி வந்திருக்கின்றன. மறித்து நின்றவர்களைக் குறுகிய மனத்தினர் என்று எழுதுவது எளிது. அவர்கள் சட்டத்தின் பக்கம் நின்றார்கள் என்பதே என் வாசிப்பு. ஏற்ற இடத்தைச் சபை ஒழுங்கு செய்யவில்லை என்பதைத்தான் அவர்கள் வீதியில் நின்று சொன்னார்கள்.

இதை நீதிமன்றத்தில் சொல்ல வழி இருக்கிறதா?

மிக அருகில் உள்ள வழி நீதவான் நீதிமன்றம். 1979ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 98ஆம் பிரிவு, பொதுத் தொல்லையை அகற்றும்படி நிபந்தனைக் கட்டளையிட நீதவானுக்கு அதிகாரம் தருகிறது. முறைப்பாடு கிடைத்தால், அல்லது வேறு வழியில் தகவல் வந்தால், சான்று எடுத்து அவர் செயற்படலாம். பொதுச் சுகாதாரப் பரிசோதகரின் அறிக்கை இங்கே பெரும் பலம். ஹட்டனிலும் நுவரெலியாவிலும் நீதவான் நீதிமன்றங்கள் உண்டு. நாட்சம்பளம் இழந்து கொழும்புக்குப் போக முடியாத மக்களுக்கு இந்த அருகாமை சிறிய விடயமல்ல.

இதே அதிகாரத்தை இந்தியாவில் அந்நாட்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133ஆம் பிரிவு கொடுத்திருந்தது. மத்தியப் பிரதேசத்தின் ரத்லம் நகரில், சாக்கடையும் மலக்கழிவும் வாசலில் ஓடியதால் வெறுத்துப்போன ஒரு தெருவின் மக்கள், 1972இல் நீதவானிடம் போனார்கள். கழிவுநீர்க் கால்வாயும் கழிப்பறையும் கட்டும்படி நகராட்சிக்குக் கட்டளை பிறந்தது. நகராட்சி பணமில்லை என்று சொல்லிக்கொண்டே மேல்முறையீட்டுப் படிகளில் ஏறியது. 1980இல் இந்திய உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி கிருஷ்ண ஐயர் எழுதிய தீர்ப்பு, சட்டம் விதித்த கடமைக்கு நிதிப் பற்றாக்குறை விடுதலைப் பத்திரமாகாது என்று முடித்தது. வேலையை முடிப்பதற்குக் காலவரையறையும் விதித்தது. இலங்கை நீதிமன்றங்களை இந்தியத் தீர்ப்பு கட்டுப்படுத்தாது. என்றாலும் இரு நாட்டுப் பிரிவுகளும் ஒரே காலனித்துவ வேரில் முளைத்தவை, அந்த நியாயம் இங்கேயும் எடுத்துரைக்கத்தக்கது. ‘நியாயமாக இயன்ற அளவு’ என்ற தொடருக்கு எதிராக வைக்க இதைவிடக் கூர்மையான வாதம் எனக்குத் தெரியவில்லை. பணமில்லை என்று சொல்லும் சபை, இருந்த பணத்தை எதற்குச் செலவிட்டது என்று காட்டவேண்டும். எல்லாத் தெருவுக்கும் முடியாதென்றால், ஏன் எப்போதும் ஒரே வகையான மக்களின் தெருதான் விடுபடுகிறது என்பதற்குப் பதில் சொல்லவேண்டும்.

இரண்டாவது வழி எழுத்தாணை. கடமையைச் செய்யும்படி பணிக்கும் ஆணையை மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் கேட்கலாம். உள்ளூராட்சி மாகாண விடயமாக இருப்பதால், அரசியலமைப்பின் 154P (4) உறுப்புரையின் கீழ் மாகாண மேல் நீதிமன்றத்திலும் கேட்கலாம். மூன்றாவது அடிப்படை உரிமை மனு. சுற்றாடலைக் காப்பது அரசின் கடமை என்று அரசியலமைப்பின் 27 (14) சொன்னாலும், அந்த அத்தியாயம் நீதிமன்றத்தில் நேரே வலியுறுத்த முடியாதது. ஆனால் 12 (1) உறுப்புரையின் சமத்துவ உரிமை வழியாக நீதிமன்றம் சுற்றாடல் கடமைக்குள் நுழைந்திருக்கிறது. சுன்னாகம் நிலத்தடி நீர் எண்ணெயால் மாசடைந்த வழக்கில், 2019 ஏப்ரலில், உயர் நீதிமன்றம் மாசுபடுத்தியவரே ஈடுசெய்ய வேண்டும் என்ற விதியைப் பின்பற்றி, மின்னுற்பத்தி நிறுவனம் 2 கோடி ரூபா நட்டஈடு செலுத்தக் கட்டளையிட்டது. கண்காணிக்க வேண்டிய அரச நிறுவனங்களின் தவறையும் அது விட்டுவிடவில்லை. கிணறு கெட்ட யாழ்ப்பாணத்துக் குடும்பத்துக்குப் பொருந்திய நியாயம், ஓடை கெட்ட லயத்துக் குடும்பத்துக்கும் பொருந்தும். ஒரு மாதத்துக்குள் மனுப்போட வேண்டும் என்பதே இவ்வழியின் பெரிய தடை. அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது. தோட்டங்களில் பணிசெய்யும் அமைப்புகள் மக்களுக்கு முதலில் சொல்லித்தர வேண்டியது இதைத்தான்.

இத்தனை வழியிருந்தும் எனக்கு ஓர் அச்சம் உண்டு. வழக்கு வென்றால் குப்பை எங்கே போகும்? கொழும்பின் புளூமெண்டல் மேடு 2009இல் மூடப்பட்டது. அந்தக் குப்பை மீதொட்டமுல்லைக்குத் திரும்பியது. அங்குள்ள மக்கள் ஆண்டுக்கணக்காக எதிர்த்தார்கள். 2017 ஏப்ரல் 14ஆம் திகதி, புத்தாண்டு நாளில், அந்த மலை வீடுகளின் மேல் சரிந்து 32 பேர் இறந்தார்கள். ஒரு மேட்டை மூடுவது இன்னொரு மேட்டைத் திறப்பதாகவே முடிந்தது. சில நாட்களில் அரசு கழிவகற்றலை அத்தியாவசிய சேவையாக வர்த்தமானியில் பிரகடனம் செய்தது. அதைத் தடுப்பது தண்டனைக்குரிய குற்றமானது. வண்டியை மறிப்பவர் சிறைக்குப் போகலாம் என்றாயிற்று. தகுந்த இடமில்லாமல் கொட்டிய சபைக்கு அந்த வர்த்தமானியில் ஒரு வார்த்தையும் இல்லை. 2009ஆம் ஆண்டின் நகரத் திண்மக் கழிவு ஒழுங்குவிதிகளும், சபை குறித்த இடத்துக்கு வெளியே எவரும் கொட்டக் கூடாது என்று தனிமனிதரைத்தான் நோக்கிப் பேசுகின்றன. குறித்த இடமே தவறாக இருந்தால் என்ன செய்வது?

மலையகத்தில் இந்த இடப்பெயர்ச்சியின் திசை எவருக்கும் தெரியும். நகரத்து வியாபாரி வழக்குப் போட்டு வென்றால், குப்பை தோட்டத்து எல்லைக்குப் போகும். ஒரு தோட்டத்து மக்கள் தொழிற்சங்கப் பலத்தால் தடுத்தால், சங்கம் பலவீனமான அடுத்த தோட்டத்துக்குப் போகும். ஆகவே ‘இங்கிருந்து அகற்று’ என்று மட்டும் கேட்கும் வழக்கு, வெல்லும்போதே இன்னொருவரைத் தோற்கடிக்கிறது. பிரதேச சபைகள் சட்டத்தில், அகற்றச் சொல்லும் 93ஆம் பிரிவோடு நிற்காமல், ஏற்ற இடத்தை ஒழுங்கு செய்யச் சொல்லும் 95ஆம் பிரிவையும் சேர்த்துக் கேட்க வேண்டும். எந்தக் காணியில், எந்த உரிமப் பத்திரத்தோடு, எந்த ஓடையிலிருந்து எவ்வளவு தூரத்தில், எத்தனை மாதத்துக்குள் என்பதைச் சபை நீதிமன்றத்துக்கு எழுத்தில் தந்து, குறித்த தவணைகளில் வந்து முன்னேற்றம் சொல்ல வேண்டும். கட்டளை பிறந்ததும் வழக்கை முடித்துவிடாமல், நீதிமன்றம் அதைக் கண்காணிப்பில் வைத்திருக்க வேண்டும்.

காணியில்லை என்பது சபைகளின் நிரந்தரப் பதில். நான் இதை ஏற்க மறுக்கிறேன். 1970களில் அரசுடைமையாக்கப்பட்ட தோட்டக் காணி, 1992இல் பெருந்தோட்டக் கம்பனிகளுக்கு நீண்டகாலக் குத்தகைக்குத்தான் கொடுக்கப்பட்டது. அதன் உரிமை அரசிடம் இருக்கிறது. தனி வீட்டுத் திட்டத்துக்கு 7 பேர்ச்சஸ் ஒதுக்க அதே காணியிலிருந்து வழிபிறந்தது. பல சபைகளுக்குப் பொதுவான, பொறியியல் முறைப்படி அமைந்த ஒரு தளத்துக்கு, குடியிருப்புக்கும் நீரூற்றுக்கும் எட்டத்தில், மண்சரிவு ஆபத்தில்லாத சில ஏக்கரைக் கண்டுபிடிக்க வேண்டியது மத்திய அரசும் மாகாணமும் சேர்ந்து செய்யவேண்டிய காரியம். தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்திடம் மண்சரிவு வரைபடங்கள் இருக்கின்றன. வழக்கில் சபையோடு பெருந்தோட்ட அமைச்சையும் காணியின் உரிமை நிறுவனங்களையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தால், ஒருவரையொருவர் கைகாட்டும் வசதி குறையும்.

எல்லாக் குப்பையும் சபையின் எல்லைக்குள் உள்ளவர்கள் போடுவதுமல்ல. மார்கழிப் பௌர்ணமி முதல் வெசாக் வரை சிவனொளிபாத மலைக்கு நல்லதண்ணியிலிருந்து ஏறும் இலட்சக்கணக்கானோர் விட்டுச்செல்லும் பிளாஸ்டிக்கை மஸ்கெலியாப் பிரதேச சபை என்ற சிறிய சபை சுமக்கிறது. இங்கே தமிழ்நாட்டின் நீலகிரியைப் பார்க்கலாம். காலி மதுப் போத்தல்கள் காட்டில் உடைந்து கிடந்து யானைகளின் காலைக் கிழித்ததைக் கேட்ட சென்னை உயர் நீதிமன்றம், விற்றவரே திரும்பப் பெறவேண்டும் என்ற நிலையை எடுத்தது. 2022 மே மாதம் முதல் நீலகிரியின் டாஸ்மாக் என்ற அரச மதுக்கடைகள் போத்தலுக்கு 10 ரூபாய் கூடுதலாக வாங்கி, காலிப் போத்தல் வந்தால் அதைத் திருப்பிக் கொடுத்தன. பெரும்பாலான போத்தல்கள் திரும்பி வந்தன. திட்டம் பிறகு வேறு மாவட்டங்களுக்கும் பரவியது. நல்லதண்ணியில் தண்ணீர்ப் போத்தலுக்கு இதைச் செய்ய முடியாததற்குக் காரணம் ஒன்றும் இல்லை.

பொறுப்புக் கூறச் சொல்லும்போது அடி யார்மேல் விழுகிறது என்பதையும் கவனிக்க வேண்டும். நீதிமன்றத்தின் நெருக்கடி வந்தவுடன், கையுறையும் பூட்ஸும் இல்லாத தற்காலிகத் துப்புரவுத் தொழிலாளரை இருமடங்கு நேரம் ஓடவிட்டுக் கணக்குக் காட்டுவது சபைகளுக்கு எளிது. மனுவின் நிவாரணப் பட்டியலில் அவர்களின் நிரந்தர நியமனமும் பாதுகாப்பும் இடம்பெற வேண்டும். கணக்காய்வாளர் நாயகத்தின் வருடாந்த அறிக்கைகளையும், பிரதேச சபைச் சட்டத்தின் 185ஆம் பிரிவின் கீழ்த் தவிசாளரைப் பதவி நீக்க அமைச்சருக்குள்ள அதிகாரத்தையும் மக்கள் அமைப்புகள் இதுவரை போதிய அளவு பயன்படுத்தவில்லை.

2023 மார்ச்சில் சபைகளின் காலம் முடிந்தபின், இரண்டு ஆண்டுகளுக்கு மேல் தெரிவான உறுப்பினர் எவருமின்றி அதிகாரிகளே சபைகளை நடத்தினார்கள். 2025 மே 6ஆம் திகதித் தேர்தலுக்குப் பிறகு மறுபடியும் கேள்வி கேட்க ஆள் இருக்கிறார்கள். முதலில் செய்யக்கூடியது செலவில்லாதது. 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், சபையின் தகவல் அதிகாரிக்கு ஒரு கடிதம் எழுதலாம்: குப்பை கொட்டும் இடத்தின் காணி யாருடையது, அதற்கான அனுமதி எப்போது பெறப்பட்டது, மத்திய சுற்றாடல் அதிகார சபையின் உரிமப் பத்திரம் உண்டா, கடந்த வருடம் கழிவகற்றலுக்கு எவ்வளவு ஒதுக்கி எவ்வளவு செலவிட்டார்கள், டிரக்டர் எந்தெந்த நாளில் எந்தெந்தப் பாதையில் ஓடுகிறது, அந்தப் பாதையில் எந்தெந்தத் தோட்டத்தின் எந்தெந்த டிவிஷன் உண்டு. கடிதத்தைத் தமிழிலேயே எழுதலாம். சபை பதில் தந்தால் அது வழக்கின் முதல் ஆவணமாகும். பதில் தராவிட்டால் முதலில் சபையின் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடமும், பிறகு தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவிடமும் மேன்முறையீடு செய்யலாம். அந்தக் கோவையும் நீதவான் முன் வைக்கத்தக்கதே.